காற்றுச் சத்தம், பயனில்லை

ஹெல்வே வகுத்த விதிகள் நான்கு.
முக்காலி கிடையாது.
கேள்வி கேட்பதில்லை.
செய்ததைத் திரும்பச் செய்யச் சொல்வதில்லை.
நான்காவதை ஜார்ஜிய மொழியில்
மனப்பாடம் செய்துகொண்டு வந்திருந்தாள்:
"நாங்கள் இங்கே இல்லை என்று
நினைத்துக்கொள்ளுங்கள்."

மக்வாலா அடுப்பிலிருந்து திரும்பி
எங்கள் இருவரையும் பார்த்தாள்,
பனி சொட்டும் எங்கள் பூட்ஸுகளைப் பார்த்தாள்,
சரியென்று தலையாட்டினாள்.
அதற்குப் பிறகு பத்தொன்பது நாள்
எங்கள் பக்கம் அவள் கண் திரும்பவே இல்லை.

இப்படியொரு வீடு அமைய
மாதக்கணக்கில் காத்திருப்பவர்கள் உண்டு
என்றாள் ஹெல்வே.

என் வேலை ஒலி.
நீண்ட கம்பு, நுனியில் மைக், காதில் ஹெட்ஃபோன்.
ஸ்வானேத்தி மலையில் ஜனவரி.
கூரைப்பனியைத் தள்ளும் மண்வெட்டி எனக்குத் தெரியும்,
சினைப்பசுவின் மூச்சு தெரியும்,
கோபத்தில் இருக்கையில் பீமுர்ஸா
பூண்டு இடிக்கும் வேகம் தெரியும்.
பேச்சில் மட்டும் ஒரு சொல் புரியாது.
ஜார்ஜிய மொழியென்றால் கொஞ்சம் தட்டித் தடவுவேன்;
புருஷனும் பெண்டாட்டியும் பேசிக்கொண்டது ஸ்வான்.

ஒலிக்குறிப்பேட்டில் என் கையெழுத்து:
ஆறாம் நாள், இரவு. கதவு திறந்து கிடக்கிறது.
காற்றுச் சத்தம். பயனில்லை.
ஏழாம் நாள், இரவு. மறுபடியும் கதவு. பயனில்லை.
எட்டாம் நாள். இவர்களுக்குக் குளிராதா?

மாலையானால் படச்சட்டத்தின் ஓரத்தில்
ஒரு கை வந்து போகும்.
கேமராவுக்கு அடியில், தரையில்,
இரண்டு கிண்ணம் பீன்ஸ் சூப்,
ரொட்டி, அதன்மேல் ஒரு சிட்டிகை உப்பு.
தொடாதே என்று கண்ணைக் காட்டுவாள் ஹெல்வே.
இல்லாதவர்கள் சாப்பிட மாட்டார்கள்.
விடியும்போது கொழுப்பு உறைந்து வெளுத்திருக்கும்.
மக்வாலா எடுத்துப்போய் நாய்க்கு ஊற்றுவாள்,
முகத்தில் வருத்தம் ஒன்றும் இல்லாமல்.

பதினோராம் நாள் பசுவுக்குப் பேறுகாலம்.
பீமுர்ஸாவின் கை முழங்கைவரை உள்ளே.
கயிற்றின் மறுமுனையைப் பிடிக்க ஆளில்லை.
எங்களைப் பார்க்காமல்
மாடியை நோக்கி எதையோ கத்திக் கேட்டான்.
மேலிருந்து பதில் வந்தது.
பிறகு அவளே ஓடி வந்தாள், வெறுங்காலோடு.
அதுவரைக்கும் என் இரண்டு கையும்
கம்பைத்தான் பிடித்துக்கொண்டிருந்தன.
கன்று பிழைத்தது.
ஒலி மிகச் சுத்தம்.

ஏப்ரலில், தார்த்து நகரத்து எடிட்டிங் அறையில்,
வசனம் பெயர்க்க நாட்டேலா வந்தாள்.
வனவியல் மாணவி; பக்கத்துப் பள்ளத்தாக்குக்காரி.
ஒரு மணி நேரம் தட்டச்சு செய்தாள்.
கை நின்றது.
"இவர்களிடம் உங்களை யாரென்று சொன்னீர்கள்?"

ஜனவரியில் சில நாள்
காலமானவர்கள் வீட்டுக்கு வந்து தங்குவார்களாம்.
அவர்களுக்குப் படையல் உண்டு.
இருந்தும் இல்லாதவர்களை உபசரிக்க
மக்வாலாவுக்குத் தெரிந்தது அந்த ஒரு முறைதான்.
கதவு அதற்குத்தான்.

தொழுவக் காட்சியைத் திரும்ப ஓட்டினோம்.
வெள்ளை எழுத்தில், கன்றின் குளம்புக்குக் கீழே:
"இவர்களைக் கூப்பிடட்டுமா?"
"வேண்டாம். பாவம், அவர்களுக்குக் கை ஏது."

ஹெல்வே எழுந்து போய்
ஜன்னலைத் திறந்தாள், மூடினாள்.
தொண்ணூற்று மூன்று மணி நேரம் படம் இருந்தது.
அதில் எங்கே கை வைப்பது என்று
அவள் கேட்கவில்லை. நான் சொல்லவில்லை.

அவளுக்குத் தெரியாத ஒன்றும் அதில் இருந்தது.
பதினான்காம் நாள் இரவு.
அவள் தூங்கிவிட்டாள், எனக்குப் பசி.
ரெக்கார்டரை நிறுத்த மறந்து
இருட்டில் உட்கார்ந்து கிண்ணத்தை வழித்தேன்.
காற்று. காற்று.
கிண்ண விளிம்பில் கரண்டி, ஒரே ஒரு தரம்.
உள்ளறையில் கிசுகிசுப்பு.
நாட்டேலா சிரிப்பை அடக்கிக்கொண்டு எழுதினாள்:

"கேட்டாயா? சாப்பிடுகிறார்கள்."
"உப்பு சரியாக இருக்கிறதாமா?"
"அவர்களிடம் கேட்கக் கூடாது. தூங்கு."

கொஞ்சம் தூக்கல்தான்.